உதாரணத்துக்கு ஒரு டவர்

வெயிலென்றும் மழையென்றும் பாராமல் செல்போன் டவர்களைக் கட்டி மேய்க்கும் பொறியாளர்கள் அவளுக்கு வைத்திருந்த பெயர் ‘மேனுவல் அக்கா’. கிண்டல் பாதி, பாசம் பாதி. அவள் வருவதற்கு முன்னால் அவர்களிடம் இருந்தவை மேனுவல் என்கிற, தலையணை கனத்து வழிகாட்டிப் புத்தகங்கள். பேட்டரியை எப்படி மாற்றுவது என்று தேடினால் ‘நாற்பதாம் பக்கம் பார்க்க’ என்றிருக்கும். நாற்பதாம் பக்கத்தைப் புரட்டினால் ‘முன்பு சொன்னபடி செய்க’ என்றிருக்கும். அதையெல்லாம் உடைத்துப் பிரித்து, கையில் வைத்திருக்கும் டேப்லெட்டில் ஒரே திரைக்குள் அடங்குகிற மாதிரி, பச்சைப்பிள்ளைக்குச் சொல்வதுபோல் ஒன்று, இரண்டு, மூன்று என்று எழுதிக் கொடுத்தவள் அவள்தான். விரலால் திரையைத் தள்ள வேண்டிய வேலையே வரக்கூடாது என்பது மேனேஜர் போட்ட விதி. மழையில் நனைந்த விரலுக்குத் திரை நகராது என்று அவர் சொன்னதில் நியாயமும் இருந்தது.

அவள் கணவனின் தம்பியும் அதே கம்பெனியில் டவர் பொறியாளன். வீட்டில் அவனுக்குச் சின்னவன் என்று பெயர். முப்பதைத் தாண்டிய பிறகும் அந்தப் பெயர் போகவில்லை. மாடி அறையில் இருந்தான். காலையில் அண்ணியைப் பைக்கில் ஏற்றிக்கொண்டு போய் அலுவலகத்தில் இறக்கிவிட்டுத்தான் அவன் டவர்களைப் பார்க்கக் கிளம்புவான். கூட வேலை செய்கிறவர்களிடம், “எங்க அண்ணி எழுதினதுய்யா, கண்ணை மூடிட்டுச் செய்யலாம்” என்று சொல்லித் திரிவது அவன் வழக்கம். அதைக் கேட்கும்போதெல்லாம் அவளுக்கு உள்ளுக்குள் குளிர்ந்துபோகும்.

அந்த வருஷம் கம்பெனி எல்லா டவரடியிலும் ஒரு சின்னக் கணினிப் பெட்டியைக் கொண்டுவந்து வைத்தது. பொறியாளர்கள் அதைக் குட்டி என்றார்கள். மின்சாரம் போனால் டவர் பேட்டரியில்தான் ஓடும். எதை நிறுத்தி எதை ஓட்டினால் பேட்டரி தாக்குப்பிடிக்கும் என்று அதுவரைக்கும் தலைமையகத்திலிருந்துதான் உத்தரவு வரும். புயலில் தலைமையகத்தோடு தொடர்பே அறுந்துவிட்டால் உத்தரவும் வராது. டவர் மொத்தமாகப் படுத்துவிடும். குட்டி யாரையும் கேட்காது. நின்ற இடத்திலேயே தானாக முடிவெடுக்கும். ஆனால் என்ன முடிவெடுக்க வேண்டும் என்று அந்தந்த டவரின் பொறியாளர் முதலில் அதற்குச் சொல்லிவைக்க வேண்டும். எப்படிச் சொல்லிவைப்பது என்கிற பக்கத்தை எழுதும் வேலை அவளுக்கு வந்தது.

உதாரணத்துக்கு ஒரு டவரை அவள் மனசிலேயே கட்டினாள். டவருக்கு மூன்று திசை பார்த்து ஆன்டெனாக்கள் இருக்கும். ஒவ்வொரு திசையையும் செக்டர் என்பார்கள். அவள் கட்டிய டவரில் முதல் செக்டர் நெடுஞ்சாலையைப் பார்த்தது. இரண்டாவது கடைவீதியை. மூன்றாவதற்குப் பின்னால் ஒரு பெரிய ஏரியை விரித்துவிட்டாள். ஏரியில் யார் போன் பேசப்போகிறார்கள்? ஆகவே பேட்டரி பாதிக்கு இறங்கினால் மூன்றாவது செக்டரை நிறுத்து என்று எழுதினாள். பாதி என்பதும் சும்மா கணக்குக்கு லேசாக இருக்கட்டும் என்று போட்டதுதான். கடைசியில் இரண்டு வரி சேர்த்திருந்தாள்: இது உதாரணம் மட்டுமே, உங்கள் டவரின் ஒவ்வொரு செக்டரும் எதைப் பார்க்கிறது என்று நேரில் நின்று பார்த்துவிட்டு முடிவுசெய்யுங்கள்.

அந்த இரண்டு வரியும் திரைக்குள் அடங்கவில்லை. எழுத்தைச் சின்னதாக்கிப் பார்த்தாள், கண்ணுக்கு உறுத்தியது. ஏரியைப் பற்றிய வாக்கியத்தை எடுத்துப் பார்த்தாள். அப்போதும் ஒரு வரி வழிந்தது. கோப்பையில் தேநீர் ஆறிக்கொண்டிருந்தது. தலைப்பிலேயே ‘உதாரணம்’ என்று இருக்கிறது, படித்தவர்களுக்கு உதாரணம் என்றால் என்னவென்று தெரியாதா என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டு, ஏரி வாக்கியத்தோடு அந்த இரண்டு வரியையும் எடுத்துவிட்டாள். காலியான இடத்தில், நகலெடுக்க ஒரு காப்பி பட்டன் வைத்தாள். அதைத் தொட்டால் எப்போது எதை நிறுத்துவது என்கிற அந்த அமைப்பு அப்படியே குட்டிக்குள் போய் உட்கார்ந்துவிடும். வேண்டியதை மட்டும் மாற்றிக்கொள்ளட்டும் என்பது அவள் எண்ணம். கம்பெனியின் ஆண்டுக் கூட்டத்தில் அந்தப் பட்டனுக்குத்தான் அதிகக் கைதட்டல். மேடையில் அவளுக்குக் கண்ணாடியில் ஒரு கேடயம் கொடுத்தார்கள். பின்வரிசையிலிருந்து சின்னவன் விசிலடித்ததில் மேனேஜரே சிரித்துவிட்டார்.

மழைக்காலம் வந்தது. ஒரு சாயங்காலம் அடித்த காற்றில் மின்கம்பங்கள் வரிசையாகச் சாய்ந்தன. சின்னவன் பொறுப்பில் இருந்த ஒரு டவர் பேட்டரிக்கு மாறியது. பேட்டரி பாதிக்கு இறங்கியதும் குட்டி, தனக்குச் சொல்லிவைத்தபடியே மூன்றாவது செக்டரை நிறுத்தியது.

அந்த டவரின் மூன்றாவது செக்டர் ஏரியைப் பார்க்கவில்லை. வரிசையாகப் பட்டறைகளும், பட்டறைகளுக்குப் பின்னால் வீடுகளும் உள்ள ஒரு தெருவைப் பார்த்தது. அங்கே ஒரு வெல்டரின் மனைவி துணி மடித்துக்கொண்டிருந்தவள், கையில் பிடித்திருந்த சட்டை நழுவுவதைப் பார்த்துக்கொண்டே பேச்சுக் குழறிச் சாய்ந்தாள். வெல்டர் ஆம்புலன்ஸுக்குப் போன் போட்டார். சிக்னல் இல்லை. பக்கத்து வீட்டுப் போனிலும் இல்லை, எதிர்ப்பட்டறையிலும் இல்லை. கேட் கதவும் ஜன்னல் கம்பியும் ஏற்றிப்போகிற சின்ன வேனில், இரும்புகளுக்கு நடுவில் அவளைப் படுக்கவைத்துக்கொண்டு, தண்ணீர் நின்ற ரோட்டில் சுற்றிச் சுற்றி ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்ந்தார். உயிர் தப்பியது. வலது கையும் பாதிப் பேச்சும் போயின. இன்னும் கொஞ்சம் முன்னால் கொண்டுவந்திருந்தால் மருந்துக்குக் கேட்டிருக்கும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். மின்சாரம் திரும்பி வந்தபோது டவரின் பேட்டரியில் கிட்டத்தட்ட பாதி அப்படியே மிச்சமிருந்தது.

வெல்டர் கம்பெனி வாசலில் வந்து நின்று கேட்டார். பத்திரிகையில் வந்தது. விசாரணை வைத்தார்கள். குட்டிக்குள் என்ன அமைப்பு இருந்தது என்று மேனேஜர் எல்லோருக்கும் வாசித்துக் காட்டினார். பாதி. மூன்றாவது செக்டர். அவளுக்குத் தன் கையெழுத்தை யாரோ அடுத்தவர் வீட்டுச் சுவரில் காட்டியதுபோல் இருந்தது.

அன்றைக்கு வீட்டில் சின்னவன் தட்டில் கையை வைத்தபடி உட்கார்ந்திருந்தான். அண்ணன் என்னவென்று கேட்டதற்கு, “என் தப்புதான். போய்ப் பார்த்துட்டுப் போட்டிருக்கணும்” என்றான். எங்கிருந்து எடுத்துப் போட்டான் என்று சொல்லவில்லை. இப்போது சொல்லுவான், இப்போது சொல்லுவான் என்று அவள் கரண்டியும் கையுமாக நின்றாள். அவன் சொல்லவே இல்லை. கேட்காமலேயே அவன் தட்டில் இன்னொரு கரண்டி சாப்பாட்டை வைத்தாள். “போதும் அண்ணி” என்று அவன் தலையைத் தூக்காமல் சொன்னான்.

விசாரணையின் கடைசி நாளில் அவளையும் கூப்பிட்டார்கள். நீள மேஜை. ஒரு முனையில் மேனேஜரும் கம்பெனி வக்கீலும், மறுமுனையில் சின்னவன். மேனேஜர் அவளிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். இந்த அமைப்பை அப்படியே போடக்கூடாது என்று பக்கத்தில் இருக்கிறதா?

இல்லை என்று சொல்ல வாயைத் திறந்தாள். இரண்டு வரி இருந்தது, நான்தான் எடுத்தேன் என்பது நாக்கு நுனிவரை வந்தது. மேனேஜரின் பேனா, கம்பெனி வக்கீலின் மூக்குக்கண்ணாடி, கேடயம் வாங்கிய நாளின் கைதட்டல் எல்லாம் ஒன்றாகக் கண்முன் வந்தன. அவள் வாயிலிருந்து வந்தது வேறு.

“உதாரணம்னு தலைப்புலயே இருக்கு சார்.”

பொய்யில்லை. அதனால்தான் அது அவ்வளவு வசதியாக இருந்தது. மேனேஜர் எழுதிக்கொண்டார். சின்னவன் மேஜையைப் பார்த்தபடி இருந்தான். கவனக்குறைவு என்று முடிவாகி, அவனை டவர் வேலையிலிருந்து எடுத்து ஸ்டோரில் கேபிள் சுருள்களை எண்ணிவைக்கும் வேலைக்கு மாற்றினார்கள். திரும்பி வரும்போது பைக்கில் பின்னால் உட்கார்ந்திருந்தவளுக்கு அவன் முதுகைப் பார்க்கக் கூசியது. சிக்னலில் நின்றபோது அவன் திரும்பாமலே சொன்னான்: “நீங்க சொன்னது சரிதான் அண்ணி. தலைப்புல இருக்கு.” திட்டியிருந்தால்கூடத் தேவலை.

அதற்குப் பிறகு அவளுக்கு எழுத வரவில்லை. ‘பேட்டரி மூடியைக் கழற்றவும்’ என்று எழுதினால், யார் கழற்றுவார்கள், எங்கே நின்று கழற்றுவார்கள், கழற்றினால் யார் தலையில் விழும் என்று மனசு ஓடியது. ஒரு நாள் லீவு போட்டுவிட்டு, வீட்டில் சொல்லாமல் பஸ் பிடித்து அந்த டவருக்குப் போனாள். இத்தனை வருஷமாக டவர்களைப் பற்றி எழுதிய கைக்கு, டவரின் காலைத் தொட்டுப் பார்த்த பழக்கம் குறைவு. கம்பிவேலிக்கு வெளியே நின்று அண்ணாந்து பார்த்து, மூன்றாவது ஆன்டெனா எந்தப் பக்கம் பார்க்கிறதோ அந்தப் பக்கமாகவே நடந்தாள். பத்து நிமிஷம் நடந்திருப்பாள். இரும்பு அறுக்கும் சத்தம் கேட்டது.

வெல்டர் முகமூடியைத் தூக்கிவிட்டு என்ன வேண்டும் என்று கேட்டார். சொல்ல வந்ததெல்லாம் எங்கோ ஓடிவிட, “ஒரு கேட் செய்யணும்” என்றாள். அவர் அகலம் எவ்வளவு என்று கேட்டார். வாய்க்கு வந்ததைச் சொன்னாள். அவ்வளவு அகலத்துக்கு ஒற்றைக் கதவு தாங்காது, இரட்டைக் கதவுதான் போட வேண்டும் என்று பொறுப்பாக விளக்கினார். உள்ளே, வாசற்படியில், அவர் மனைவி ஒரு சட்டையைத் தொடையில் விரித்துவைத்து இடது கையால் பட்டன் போட முயன்றுகொண்டிருந்தாள். பட்டன் ஓட்டைக்குள் பாதி போய்த் திரும்பித் திரும்பி வந்தது. அந்நியப் பெண் பார்க்கிறாள் என்று தெரிந்ததும் வாயின் ஒரு பக்கத்தால் சிரித்தாள். வீட்டில் கேட்டுக்கொண்டு வருகிறேன் என்று சொல்லிவிட்டு அவள் அங்கிருந்து ஓட்டமும் நடையுமாக வந்து சேர்ந்தாள்.

சாயங்காலம் கணவனிடம் எல்லாவற்றையும் கொட்டினாள். மருந்துக்கடை வைத்திருக்கும் மனுஷன். எதையும் நிதானமாகக் கேட்டுவிட்டுத்தான் பேசுவார். கேட்டு முடித்தபின், அவனுக்கு இது தெரியுமா என்று மட்டும் கேட்டார். என் பக்கத்திலிருந்து எடுத்தது அவனுக்குத்தான் முதலில் தெரியும், இரண்டு வரி விஷயம் தெரியாது என்றாள். அவர் தம்பியின் அறைக்குப் போகிற மாடிப்படியைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

மறுநாள் மேனேஜர் அறைக்குப் போய்ச் சொன்னாள். இரண்டு வரி இருந்ததையும், எடுத்ததையும், விசாரணையில் அதை மறைத்ததையும். அவர் பொறுமையாகக் கேட்டார். கோபப்படவில்லை. அவள் எதிர்பார்த்துப் போயிருந்த கோபம் வராததே பெரிய ஏமாற்றமாக இருந்தது.

“உங்க நிலைமை எனக்குப் புரியுது. ஆனா கொழுந்தனைக் காப்பாத்தத்தான் இப்படிச் சொல்றீங்கன்னுதான் எல்லாரும் நினைப்பாங்க. நானே அப்படித்தான் நினைக்கிறேன்” என்றார்.

உண்மையைச் சொல்லி நம்பவைக்க முடியாமல் ஒருத்தி தன் இருக்கைக்குத் திரும்புவது எப்படி இருக்கும் என்று அவளுக்கு அன்றைக்குத் தெரிந்தது. உட்கார்ந்து யோசித்தாள். சின்னவன் ஒருத்தன்தானா பட்டனைத் தொட்டிருப்பான்? எல்லாக் குட்டிகளிலும் என்ன அமைப்பு இருக்கிறது என்று தன் கணினியிலிருந்தே பார்க்க அவளுக்கு வழி இருந்தது. பார்த்தாள். பாதி, மூன்றாவது செக்டர். அடுத்ததிலும் பாதி, மூன்றாவது செக்டர். விரல் வலிக்கிற அளவுக்குத் தள்ளிக்கொண்டே போனாள். நூற்றுக்கும் மேல். அவள் மனசுக்குள் விரித்த ஏரி அத்தனை டவர்களுக்குப் பின்னாலும் தேங்கி நின்றது.

முதலில் அவளுக்கு வந்தது ‘அப்பாடா’ என்ற நிம்மதிதான். இனி யாரும் நம்பாமல் இருக்க முடியாது. அந்த நிம்மதி வந்த வேகத்திலேயே வெட்கமும் வந்தது. இந்த ஒவ்வொரு டவருக்குப் பின்னாலும் ஒரு தெரு இருக்கும். மழை இன்னும் முடியவில்லை.

இந்த முறை அவள் மேனேஜர் அறைக்கதவைத் தட்டாமலே கணினியோடு உள்ளே நுழைந்தாள். திரையைப் பார்த்ததும் அவர் முகம் வெளுத்துவிட்டது. எழுந்து கதவைச் சாத்தினார். ஒரே திரை என்ற விதியைப் போட்டவர் தான் என்பது அவருக்கும் அந்த நேரத்தில் ஞாபகம் வந்திருக்க வேண்டும். ஆனால் அதைப் பற்றி அவர் அப்போதும் பேசவில்லை, பிறகும் பேசவில்லை. பட்டனைத் தொட்ட பொறியாளர்கள் மேல் நடவடிக்கை எடுக்கக்கூடாது, எடுப்பதானால் தன் பெயரிலிருந்து தொடங்க வேண்டும் என்று அவள் சொன்னாள். அவர் தலையாட்டினார்.

அந்த வாரம் முழுக்க அவள் போனும் காதுமாக இருந்தாள். ஒவ்வொரு பொறியாளரையும் கூப்பிட்டு, டவரடிக்குப் போய் நின்று, மூன்று பக்கமும் என்ன தெரிகிறது என்று சொல்லச் சொன்னாள். முதியோர் இல்லம் என்றார்கள், பள்ளி விடுதி என்றார்கள், ஒன்றிரண்டு பேர் வெறும் வயல் என்றார்கள். வெல்டர் மனைவியின் விஷயம் எல்லோருக்கும் தெரிந்திருந்தது. சொல்லச் சொல்ல அமைப்பை மாற்றினார்கள். விசாரணைக் கோப்பில் அவள் வாக்குமூலம் புதிதாகச் சேர்ந்தது. அவளுக்குக் கண்டனம், அந்த வருஷத்துப் பதவி உயர்வு ரத்து. சின்னவனை மறுபடி டவருக்கு எடுத்துக்கொள்வதாக உத்தரவு வந்தது.

நல்ல சேதியைத் தானே சொல்ல வேண்டும் என்று மாடிக்கு ஏறிப் போனாள். அவன் கட்டிலில் உட்கார்ந்து ஷூவுக்குக் கயிறு கோத்துக்கொண்டிருந்தான். அவள் சொல்லி முடிக்கும்வரை கோத்துக்கொண்டே இருந்தான்.

“இதை அன்னிக்கு அந்த ரூம்லயே சொல்லியிருக்கலாம் அண்ணி.”

“பயந்துட்டேன்டா.”

“உங்க பேரை இழுக்கக்கூடாதுன்னு நான் வாயை மூடிட்டு இருந்தேன். நீங்க யாருக்காக மூடிட்டு இருந்தீங்க?”

அவன் குரலை உயர்த்தவே இல்லை. கல்யாணமாகி இந்த வீட்டுக்கு வந்த நாளிலிருந்து அவளிடம் அவன் ஒரு சுடுசொல் சொன்னதில்லை. இதுவும் சுடுசொல் இல்லை. ஆனாலும் சுட்டது. கீழே இறங்கி வந்து, கழுவிய பாத்திரங்களையே மறுபடி எடுத்துக் கழுவினாள்.

பட்டறைக்கு இரண்டாம் முறை போனபோது வெல்டர் அவளை அடையாளம் கண்டுகொண்டு, கேட்டைப் பற்றி வீட்டில் என்ன சொன்னார்கள் என்று கேட்டார். கேட் எதுவும் வேண்டாம், அன்றைக்குப் பொய் சொன்னேன் என்று ஆரம்பித்து, தான் யார், என்ன எழுதினாள், எதை எடுத்தாள் என்று ஒன்றுவிடாமல் சொன்னாள். அவர் மெஷினை அணைத்தார்.

“அந்தத் தம்பி முன்னாலேயே வந்துட்டுப் போனாரு” என்றார் கடைசியில். “தன் தப்புன்னாரு. இதே இடத்துல நின்னாரு. நான் கை நீட்டிட்டேன். வாங்கிக்கிட்டாரு. உங்களைப் பத்தி ஒரு வார்த்தை சொல்லலையே.”

 அவள் பக்கத்தில் இருந்த இரும்புச் சட்டத்தைப் பிடித்துக்கொண்டாள். தன்னையும் அடித்துவிட்டால் பரவாயில்லை என்றுகூட ஒரு நிமிஷம் தோன்றியது. அவர் அடிக்கவில்லை, திட்டவில்லை. “என்கிட்ட மன்னிப்பு இருக்கும்னு வந்திருந்தா, இல்லைம்மா. நாளைக்கு இருக்குமான்னும் தெரியலை” என்றார்.

வாசற்படியிலிருந்து அவர் மனைவி ஏதோ கேட்டாள். வார்த்தைகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு வந்தன. புரியாமல் இவள் விழிப்பதைப் பார்த்து வெல்டரே எடுத்துச் சொன்னார்: “இப்போ மழை வந்தா போன் வேலை செய்யுமான்னு கேக்குறா.”

“செய்யும்” என்றாள். பிறகு அது போதாது என்று பட்டு, “உங்க பக்கம் கடைசி வரைக்கும் ஓடும். நானே பார்த்தேன்” என்றாள். அந்தப் பெண் இடது கையைத் தூக்கி, சரி என்பதுபோல் ஆட்டினாள்.

இப்போது அந்தப் பக்கம் மூன்று திரைக்கு நீள்கிறது. காப்பி பட்டன் இல்லை. ஒவ்வொரு செக்டரும் எதைப் பார்க்கிறது என்று பொறியாளர் தன் கையால் எழுதினால்தான் அடுத்த திரை திறக்கும். மேனுவல் அக்கா பழையபடி தலையணை எழுத ஆரம்பித்துவிட்டார் என்று அவர்கள் அலுத்துக்கொள்வது அவள் காதுக்கும் வருகிறது. ஈர விரலால் திரையைத் தள்ளிக்கொண்டு நிற்கிறவனின் எரிச்சல் நியாயமானதுதான்.

சின்னவன் டவர் வேலைக்குத் திரும்பிவிட்டான். சாப்பிடும்போது தண்ணீர் கேட்கிறான், டிவியில் சத்தத்தைக் குறைக்கச் சொல்கிறான், அண்ணி என்றுதான் கூப்பிடுகிறான். அவள் எழுதியதைக் கண்ணை மூடிக்கொண்டு செய்யலாம் என்று இப்போது யாரிடமும் சொல்வதில்லை. ஏதாவது டவரடியிலிருந்து கூப்பிட்டு, நீங்கள் எழுதியிருக்கும் நாலாவது படி இங்கே ஒத்துவராது, காரணம் இது என்று வரி வரியாகச் சொல்கிறான். முக்கால்வாசி நேரம் அவன் சொல்வது சரியாக இருக்கிறது. அவள் திருத்துகிறாள்.

காலையில் பைக்கை வாசலில் நிறுத்தி, எஞ்சினை ஓடவிட்டுக் கொஞ்ச நேரம் காத்திருக்கிறான். அவள் உள்ளேயிருந்தே பஸ்ஸில் வந்துவிடுவதாகச் சொல்கிறாள். வற்புறுத்தாமல் அவன் கிளம்பிப் போகிறான். மறுநாளும் நிறுத்துகிறான்.